பக்கம் மாறிய மைனஸ்

கறம்பக்குடி,
வியாழக்கிழமை.

பெருமதிப்பிற்குரிய மச்சான் கோபிநாத் அவர்களுக்கு, தங்கள் தங்கை செவந்தியின் கணவன் நாகராசு பணிவுடன் எழுதிக்கொள்வது. இங்கு நானும் மகள் அன்புமொழியும் நலம். ஆவுடையார்கோவிலில் தாங்களும், கோபித்துக்கொண்டு தங்கள் வீட்டில் வந்து உட்கார்ந்திருக்கும் செவந்தியும் நலமாக இருக்க வேண்டுகிறேன். போன் செய்தால் அவள் எடுப்பதில்லை. தாங்களோ, "ரெண்டு பேருமே எனக்கு வேணும், என்னைய விட்ருங்க மாப்ள" என்று வைத்துவிடுகிறீர்கள். ஆகவே என் பக்கத்து நியாயத்தைத் தாளில் வைக்கிறேன்.

எட்டாம் வகுப்புப் பிள்ளை வீட்டுப்பாடத்தோடு வந்து நின்றது. −⅔ x = 4, x என்ன? உரக்கடை வைத்து ஊருக்கே மருந்து அளவு சொல்கிறவன் நான், இதற்கா அசருவேன்? "இந்தா பாரு தாயி, சமக்குறியத் தாண்டுறது கல்யாணமாகிப் போற மாதிரி. ஒங்கம்மா எம் பக்கம் வந்ததும் இனிசியல் மாறுச்சுல்ல? அது மாதிரி மைனஸ் அங்கிட்டுப் போனா பிளஸ். மூணுல ரெண்டு தலகீழாகி ரெண்டுல மூணு. நால அதால பெருக்கு, ஆறு!" என்றேன். பிள்ளைக்குப் பளிச்சென்று புரிந்துவிட்டது. அடுப்படியிலிருந்து தங்கள் தங்கை கரண்டியோடு வந்தாள். "கூட்டல்ல நின்னாத்தான் குறி மாறும். இது பெருக்கிக்கிட்டு நிக்குது. தலகீழா ஆகும், ஆனா மைனஸ் கூடவே வரும். மைனஸ் ஆறு. ஒங்க வீட்டுக்கு வந்து எனக்கு இனிசியல்தான் மாறுச்சு, கொணமா மாறிருச்சு?" என்றாள். நான் சும்மா இருந்திருக்கலாம். "மாறியிருந்தா நல்லாத்தான் இருந்திருக்கும்" என்று சொல்லிவிட்டேன். பையை எடுத்துக்கொண்டு பஸ் ஏறிவிட்டாள்.

அவள் இல்லாமல் இங்கே ஒன்றும் குடிமுழுகிவிடவில்லை. சாம்பாரில் புளி கூடிவிட்டது, சரிக்கட்ட வெல்லம் போட்டேன், அது பாயசத்துக்கும் சாம்பாருக்கும் நடுவில் போய் நின்றது, பக்கத்து வீட்டு மீனம்மாள் ஆட்டுக்கு வைத்தோம், அது முகர்ந்துவிட்டு என்னையே பார்த்தது. பிள்ளைக்குத் தலை பின்னிவிட்டேன், ஒரு சடை கிழக்கே போனது, இன்னொன்று மேற்கே போனது, வழியில் கேட்டவர்களிடமெல்லாம் "எங்கப்பா பின்னுனது" என்று பிள்ளை பெருமையாகச் சொல்லிக்கொண்டே போயிருக்கிறது. எதையும் சமாளிப்பேன் மச்சான். ஆனால் கணக்கு கணக்குதான். x = 6 என்று தாங்களே அவளுக்கு எடுத்துச் சொல்லி, செய்த தவறை ஒப்புக்கொள்ள வைத்து, ஞாயிற்றுக்கிழமைக்குள் அனுப்பி வைக்கவும். நான் பெருந்தன்மையாக மன்னித்துவிடுவேன்.

வீட்டில் பெரியவர்களுக்கு என் வணக்கமும் சின்னவர்களுக்கு என் ஆசியும்.

இப்படிக்கு,
என்றும் சரியாகவே இருக்கும்
நாகராசு

பி.கு.: உறையை ஒட்டப் போகும்போது பிள்ளை வந்து, "அப்பா, x இருந்த எடத்துல ஆற வச்சுப் பாத்தேன். மைனஸ் நாலு வருது. மைனஸ் ஆற வச்சாத்தான் நாலு வருது" என்றது. நானும் போட்டுப் பார்த்தேன். கடைக் கால்குலேட்டரும் அவள் கட்சிதான். மேலே எழுதியதை அடித்தால் அசிங்கமாக இருக்கும் என்று விட்டுவிட்டேன். காலையில் முதல் பஸ்ஸில் நானே வாரேன். நேரில் எனக்கு இதெல்லாம் வாயில் வராது, அதனால் கடிதமும் கையோடு வருகிறது. இந்தக் கடைசிப் பகுதியை மட்டும் அவளிடம் காட்டுங்கள். வீடு வீடாக இல்லை மச்சான். அவள் எதையும் மாற்றிக்கொள்ள வேண்டாம். அப்படியே வரச் சொல்லுங்கள்.