ரொட்டி தின்ற சாமி

தெரியாததைத் தெரிந்த மாதிரி பேசும் துணிச்சல் எனக்குப் பிறவியிலேயே உண்டு. மைக்கும் கையுமாகப் பிடிபட்டது மட்டும் ஒரே ஒரு முறைதான்.

ஒத்தக்கடைப் பக்கம் ஒரு கல்லூரியில் வேலைக்குச் சேர்ந்த புதிது. நான் தொடங்கிய திரைப்பட மன்றத்தில் ஏழு உறுப்பினர்கள் (என்னையும் சேர்த்து). "ஒரு படம் போடுங்க. பிள்ளைங்க கடைசி வரைக்கும் உக்காந்திருந்தா மன்றம் இருக்கட்டும். இல்லைன்னா மூடிருவோம்" என்றார் முதல்வர்.

நான் எடுத்தது நூறு வருடப் பழைய ஊமைப்படம். ஏதோ குளிர்தேசத்தில் எல்லாப் பிள்ளைகளுக்கும் தெரிந்த நாட்டுப்புறக் கதையாம். அந்தக் காலத்தில் நம் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்வாராம். நானும் நின்றேன். திரையில் இடையிடையே வரும் அந்த ஊர் எழுத்துகள் எனக்குப் புரியாது. கதைச்சுருக்கம் படித்திருந்தேன் (முதல் பக்கம் வரை).

அண்ணன், தம்பி, எதிரி மூவருக்கும் ஒரே அளவு தாடி. பனியில் ஒரு தாடி இன்னொரு தாடியைக் குத்தியது. "சொந்த அண்ணனையே கொன்றுவிட்டான் தம்பி" என்று குரல் நடுங்கச் சொன்னேன். அரங்கமே உச்சுக்கொட்டியது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

அரை மணி நேரத்தில் அண்ணன் கதவைத் திறந்துகொண்டு வந்தான்.

"சார், செத்தவரு வாராரு" என்றான் பின்வரிசை மாணவன்.

"அநியாயமாகச் செத்தவன் சாமியாகத் திரும்பி வந்திருக்கிறான்" என்றேன். மேலூர்ப் பக்கத்துப் பிள்ளைகள் சந்தேகப்படவில்லை. அவரவர் ஊரிலேயே அப்படி ஒரு சாமி இருக்கிறது. ஆனால் சாமி மேசையில் உட்கார்ந்து ரொட்டியைப் பிய்த்துத் தின்ன ஆரம்பித்தது. மைக் கோளாறு மாதிரி அதைத் தட்டிப் பார்த்தேன்.

"படையல் சார்" என்று எடுத்துக்கொடுத்தான் அதே மாணவன்.

"படையல்" என்றேன் மைக்கில்.

யாரும் எழுந்து போகவில்லை. சிலர் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். கூட்டம் கலைந்ததும் வரலாற்றுத் துறை ஆசிரியை ஜோதி வந்தாள். "செத்தது எதிரி சார். அண்ணனைக் காப்பாத்தத்தான் தம்பி குத்துனான். நான் முன்னாடியே பாத்திருக்கேன்."

"அப்பவே சொல்லியிருக்கலாம்ல?"

"மன்றம் இருக்கணும்ல."

அன்று வெட்கத்தைவிட வருத்தம்தான் அதிகம். அண்ணனைக் காத்தவன்மேல் அண்ணனைக் கொன்ற பழியைப் போட்டிருக்கிறேன். இல்லையென்று சொல்ல அவனுக்குக் குரலும் கிடையாது. மறுவாரமே அதே படத்தைப் போட்டு, என் தப்பை ஒப்புக்கொண்டேன். பிள்ளைகள் ஒப்புக்கொள்ளவில்லை. "சாமிக் கதைதான் சார் நல்லாருந்துச்சு" என்றார்கள். அந்தக் குளிர்தேசத்துக் கதையும் இப்படி யாரோ ஒருவர் உளறி, கேட்டவர்கள் திருத்தித் திருத்தி வளர்ந்ததாகத்தான் இருக்கும் என்று தோன்றியது.

மன்றம் பிழைத்தது. மைக் ஜோதியின் கைக்குப் போனது. எங்கள் கல்யாணத்துக்குப் பிறகு வீட்டிலும் அவள் கையில்தான். இன்றைக்கும் நான் சாப்பாட்டுக்குத் தாமதமாக வந்தால், மகள் அடுப்படிப் பக்கம் திரும்பிச் சொல்வாள்:

"அம்மா, சாமி வந்துருச்சு. படையலை எடுத்து வை."