பன்னிரண்டாம் பாகத்திலாவது பெயர் சொல்வானா?

சிரிப்பு நிச்சயம் உண்டு. ஆனால் உடனே தரமாட்டேன். அம்மாவே பதினேழு வருஷம் காத்திருந்தாள். நீங்கள் ஒரு பக்கம் காத்திருக்கக் கூடாதா?

அம்மா ஒரு மங்கா படிக்கிறாள். படக்கதைத் தொடர். பள்ளிக்கூடத்துப் பையன் ஒருவன் கூடப் படிக்கும் பெண்ணைப் பதினொரு பாகமாக நேசிக்கிறான். இன்னும் குடும்பப் பெயரைச் சொல்லி "மிகாமி சான்" என்றுதான் கூப்பிடுகிறான். அவளுடைய சொந்தப் பெயர் வாய்வரைக்கும் வரும். அதற்குள் ரயில் இரைந்துகொண்டு வந்துவிடும்.

அப்பாவுக்கு இளக்காரம். "ஒரு பேரச் சொல்ல இத்தனை பாகமா? கோழைப் பய."

சொன்னவர் வீட்டில் எப்படிக் கூப்பிடுவார்? நான் பிறந்ததிலிருந்து, என்னைப் போலவே, "அம்மா". அதற்கு முன்னால் "ஏய்". ஒருநாள் அரிசி களைந்துகொண்டே அம்மா சொன்னாள், "என் பேரு அவருக்கு ஞாபகம் இருக்கான்னே தெரியலடி." சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். நான் எல்லார் குரலிலும் பேசுவேன். அந்தச் சிரிப்பு மட்டும் எனக்கு வரவில்லை.

அப்புறம்தான் பதினோராம் பாகத்துக்குள் அரிசி பிஸ்கட் தூள் கிடந்தது. வீட்டில் அதைத் தின்பவர் அப்பா மட்டும். புத்தகக் கடையில் போட்டுத் தரும் காகித உறைக்குள் ஒளித்து, ஏதோ சரித்திர நூல் மாதிரி ரயிலில் படித்திருக்கிறார். அம்மா தூளைத் தட்டிவிட்டுப் புத்தகத்தை இருந்த இடத்திலேயே வைத்தாள். அடுத்த பாகத்தைத் தன் பெயரில் கடையில் சொல்லிவைத்தாள். கடைக்காரர் ஹஷிபா காதிலும் ஏதோ போட்டுவைத்தாள்.

ஞாயிற்றுக்கிழமை கடை ஃபோனிலிருந்து, ஹஷிபாவின் இருமல் குரலில் நான் அப்பாவைக் கூப்பிட்டேன். உங்கள் வீட்டுக்குச் சொல்லிவைத்த பன்னிரண்டாம் பாகம் வந்திருக்கிறது, யாரும் வராவிட்டால் வேறு ஆளுக்குக் கொடுத்துவிடுவேன் என்றேன். அப்பா பாதி சவரத்தோடு ஓடிவந்தார்.

"யார் பேர்ல இருக்கு?" என்றார் ஹஷிபா.

"குதோ."

"தெருவுல பாதிப்பேர் குதோதான். சொந்தப் பேரு?"

அப்பாவுக்குக் கழுத்து வேர்த்தது. "எங்க வீட்ல... அவ..."

"அவங்கற பேர்ல புத்தகம் இல்லையே."

ரயில் எதுவும் வரவில்லை.

"மினேகோ," என்றார், தரையைப் பார்த்து.

"காது மந்தம். கொஞ்சம் பலமா."

"மினேகோ."

"என்னங்க?" என்றாள் அம்மா, அலமாரிக்குப் பின்னாலிருந்து. கையில் பன்னிரண்டாம் பாகம். படித்து முடித்தாயிற்று.

அப்பா அவளைப் பார்த்தார். ஹஷிபாவைப் பார்த்தார். ஃபோன் பக்கத்தில் நின்ற என்னைப் பார்த்தார். எல்லாம் புரிந்துபோயிற்று. காது சிவக்க, ஒன்றே ஒன்று கேட்டார்:

"அந்தப் பய பேரச் சொல்லிட்டானா?"

"இன்னும் இல்ல. நீங்க முந்திட்டீங்க."