குதிருக்குள் கோர்ட்டு உத்தரவு

அந்த உத்தரவை நிறைவேற்றுவதில்லை என்று தீர்மானித்துவிட்டேன். போட்டவர் முன்சீப்பாக இருக்கலாம். அதனாலென்ன? எங்கள் ஊர்ப் பஞ்சாயத்து போர்டுக்கு ஒரே குமாஸ்தா சின்னண்ணனாகிய நானல்லவா!

விஷயம் இதுதான். எதிர்வீட்டுப் பூவாத்தாளின் காட்டுக்குப் போகும் வண்டித் தடத்தை மறித்து, போர்டார் திரியும் மாடுகளை அடைக்கும் பவுண்டுக்குச் சுவர் எழுப்பிவிட்டார்கள். அவள் வழக்காடி ஜெயித்தாள். ஒரு மாதத்தில் சுவரை இடிக்கவேண்டும் என்று தீர்ப்பு. பதினான்கு மாதம் ஆயிற்று. இன்னமும் எருவைக் கூடையில்தான் சுமக்கிறாள்.

‘இடிக்காதே, கோர்ட்டுக் காகிதக் கட்டை ஒளித்துவை’ என்று பிரசிடெண்ட் எனக்குச் சீட்டு அனுப்பினார். மீறினால் வேலை போய்விடும். சீட்டையும் உள்ளே வைத்துக் கட்டி, வீட்டுச் சோளக் குதிருக்குள் புதைத்தேன்.

“ஏனுங்க, பூவாத்தாக்காளுக்குத் தடம் எப்பங்க உடுவீங்க?” என்றாள் என் மனைவி கமலவேணி.

“கட்டக் காணோம் புள்ள.”

“தேடுனீங்களா?”

“சர்க்கார் தேடுது.”

“அந்தச் சர்க்காரு நீங்கதானுங்களே?”

எனக்குப் புரையேறியது.

பூவாத்தாள் மறுபடி கோர்ட்டுக்குப் போனாள். திங்கட்கிழமை பிரசிடெண்டும் நானும் ஆஜராகவேண்டும் என்று சம்மன் வந்தது. பிரசிடெண்ட் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

“நான் அன்னிக்கே இடிக்கச் சொன்னேன். நீதான் கட்டத் தொலச்சுட்டே. கோர்ட்டுல அப்படித்தான் சொல்லுவேன்!”

அவர் சீட்டை எடுத்துக் காட்ட வீட்டுக்கு ஓடிவந்து குதிருக்குள் குதித்தேன். சோளம் இருந்தது. கட்டு இல்லை.

“என்னங்க தேடறீங்க?”

“வண்டு.”

“சிக்குச்சுங்களா?”

“நான்தான் சிக்கிட்டேன்.”

திங்கட்கிழமை, பிரசிடெண்ட் சொன்னபடியே சொன்னார். அப்போது பூவாத்தாளின் வக்கீல் எழுந்து ஒரு காகிதக் கட்டை நீட்டினார். அதில் சோள உமி ஒட்டியிருந்தது. என் கட்டேதான்!

சீட்டைப் படித்த முன்சீப் மூக்குக் கண்ணாடியைக் கழற்றினார். “நான் போட்டது உத்தரவு. விண்ணப்பமல்ல. நாளைப் பொழுது சாய்வதற்குள் சுவர் இடிந்திருக்கவேண்டும். இல்லையென்றால் பிரசிடெண்டுக்கு ஜெயில்.” என்னைப் பார்த்தார். “குமாஸ்தா வீட்டுக்குப் போகலாம். இனி காகிதம் ஆபீசில் இருக்கட்டும்.”

மறுநாள் விடியும்போதே பிரசிடெண்ட் கடப்பாரையோடு நின்றார். மத்தியானம் பூவாத்தாளின் வண்டி எரு ஏற்றிக்கொண்டு தடத்தில் போயிற்று. ஒரு வருஷமாக நெஞ்சில் கிடந்த பாரமும் அதோடு போயிற்று. இரண்டு நாளாக இறங்காத சோற்றை மூன்று தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

“கட்டு அந்த வக்கீல் கைக்கு எப்படிப் போச்சுன்னுதான் தெரியல” என்றேன்.

“நான்தானுங்க குடுத்தேன். அந்தச் சீட்டு இல்லீன்னா உங்களைத்தானுங்களே உள்ள வெச்சிருப்பாங்க?”

நான் கட்டிவைத்த கட்டை, நான் கட்டிக்கொண்டவள் அவிழ்த்திருக்கிறாள்! கோபம் வரவேண்டும். வரவில்லை. ஏப்பம்தான் வந்தது.

கமலவேணி மோர் ஊற்றிக்கொண்டே சொன்னாள்: “இனிமே எதையாச்சும் ஒளிக்கோணும்னா எங்கிட்டயே குடுத்துருங்க. நேரா கோர்ட்டுலயே கொண்டுபோய் வெச்சர்றேன்.”