அசையாத லிஃப்டும் உன் மருமகனின் நிரூபணமும்

செவ்வாய்க்கிழமை, பகல்

அன்புள்ள தம்பிக்கு,

உன் அக்கா எழுதுவது. ஆண்டவன் உனக்கும் உன் வீட்டாருக்கும் நல்ல உடம்பும் நல்ல தூக்கமும் தரட்டும். இங்கே எல்லோரும் நலம் என்று எழுதலாமென்று பார்த்தால், என் மகன், அதாவது உன் அருமை மருமகன், "நலம்னா என்னம்மா? எதை வச்சுச் சொல்றே?" என்று கேட்பான். ஆகவே உயிரோடு இருக்கிறோம் என்று மட்டும் எழுதுகிறேன். அதற்கு என் கையெழுத்தே சாட்சி.

காலையில் பிரார்த்தனை முடிக்காமல் நான் வாயைத் திறப்பதில்லை, யாரையும் குறை சொல்லக் கூடாது என்று வேண்டிக்கொண்டுதான் எழுந்திருக்கிறேன், ஆனாலும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. இதற்கெல்லாம் மூலகாரணம் நீ. பள்ளிக்கூடம் முடித்ததும் அவனை என்ன படிக்க வைக்கலாம் என்று நாங்கள் தலையைப் பிய்த்துக்கொண்டிருந்தபோது, "புரோகிராம் எழுதுறவன் தெருவுக்கு நாலு பேர் இருக்கான் அக்கா, எழுதினது சரின்னு நிரூபிக்கிறவன்தான் அபூர்வம், அதைப் படிக்கட்டும்" என்று பெரிய மனுஷன் மாதிரி சொன்னது நீதானே? அபூர்வமாக இருப்பதற்கு ஏதாவது காரணம் இருக்கும் என்று எனக்கு அப்போது தோன்றவில்லை. இவன் வேலை என்ன தெரியுமா? புரோகிராமை ஓட்டிப் பார்க்க மாட்டானாம். முக்கோணத்துக்கு நிரூபணம் எழுதுகிற மாதிரி, இது ஒருக்காலும் தப்புப் பண்ணாது என்று உட்கார்ந்த இடத்திலேயே நிரூபிப்பானாம். போன வாரம் உருளைக்கிழங்கு வேகவைத்து, ஒன்றைக் கத்தியால் குத்திப் பார்த்து இறக்கினேன். "ஒண்ணைக் குத்திட்டு எல்லாம் வெந்துருச்சுன்னு எப்படிம்மா சொல்றே? குத்தாத கிழங்கைப் பத்தி உனக்கு என்ன தெரியும்?" என்றான். அப்போ நீயே பாருடா என்று கத்தியைக் கொடுத்துவிட்டுத் துணி காயப்போடப் போனேன். திரும்பி வந்தால் எல்லாக் கிழங்கையும் குத்திக் கூழாக்கி வைத்திருக்கிறான். வெந்தது நிரூபணமாகிவிட்டது, தின்பதற்குத்தான் ஒன்றும் இல்லை.

இதுகூடப் போகட்டும். உன் அத்தானுக்கு முழங்கால் ஆபரேஷன் ஆனது உனக்குத் தெரியும். ஐந்தாவது மாடிக்கு அவரை லிஃப்டில் கொண்டுவந்து கட்டிலில் படுக்க வைத்த மறுநாள், லிஃப்டை ஓட்டுகிற பழைய மின்பெட்டி புகைந்து போயிற்று. மெக்கானிக் புதுப் பெட்டியும் அதற்குள் போட வேண்டிய புரோகிராமும் கொண்டுவந்தார். நல்ல மனிதர், வந்தோமா போட்டோமா என்று வேலையை முடித்திருப்பார். உன் மருமகன் விட்டானா? அந்தப் புரோகிராமை வாங்கிப் படித்துவிட்டு, "இதுல ஓட்டை இருக்கு. இதை நம்பி எங்கப்பா ஏற மாட்டார்" என்று சொல்லி, மாடியில் இருக்கிற மெஷின் அறையின் சாவியை வாங்கித் தன் சட்டைப்பையில் போட்டுக்கொண்டான். நான் எழுதித் தருகிறேன், அதுவும் நிரூபித்துத் தருகிறேன் என்று குடியிருப்போர் சங்கச் செயலாளரிடம் வாக்கும் கொடுத்துவிட்டான். ஓசியில் வருகிறதே என்று அவரும் தலையாட்டிவிட்டார்.

அப்புறம் ஒரு கூட்டம் போட்டார்கள் பார், அதை என்னவென்று சொல்ல! "லிஃப்ட் எப்படி நடந்துக்கணும்னு எல்லாரும் சொல்லுங்க" என்று இவன் கேட்டான். ஒவ்வொருவரும் தன் பயத்தைச் சொன்னார்கள். ஓடும்போது கதவு திறக்கக் கூடாது என்றார் ஒருவர். கதவு கையை நசுக்கக் கூடாது என்றார் இன்னொருவர். இரண்டு மாடிக்கு நடுவில் நிற்கக் கூடாது என்று மூன்றாவது மாடி டீச்சர் சொன்னார். அறுந்து விழக் கூடாது என்று நான் சொன்னேன், அது என் தலையெழுத்து. இவன் அத்தனையையும் வாங்கிக்கொண்டு போய் அறைக்குள் அடைந்துவிட்டான். சாப்பாட்டை வாசல் வழியாகத் தள்ளினேன். ஒருநாள் முகமெல்லாம் பல்லாக வெளியே வந்து, "அம்மா, நிரூபிச்சாச்சு!" என்றான். குடியிருப்பே கீழே கூடி நின்றது. செயலாளர் பட்டனை அமுக்கினார். லிஃப்ட் சும்மா இருந்தது. மறுபடியும் அமுக்கினார். அது கல்லுப்பிள்ளையார் மாதிரி உட்கார்ந்திருந்தது.

"தம்பி, இது அசையவே இல்லையே?"

"ஆமா சார். ஓடும்போது கதவு திறந்துச்சா?"

"அது ஓடவே இல்லையேப்பா!"

"நடுவுல நின்னுச்சா? யார் கையாவது நசுங்குச்சா? அறுந்து விழுந்துச்சா? நீங்க கேட்டது எல்லாம் சரியா இருக்கு. ஓடணும்னு ஒருத்தரும் சொல்லலையே."

எனக்குப் பூமி பிளந்து உள்ளே போய்விடலாம் போல இருந்தது. வீட்டுக்கு வந்து, "ஏண்டா, ஒரு வரிகூட எழுதாத கணக்கு நோட்டிலயும்தான் தப்பே இருக்காது, அதை நான் உங்கப்பாகிட்ட காட்ட முடியுமா?" என்று கேட்டேன். அவன் வெட்கப்படுவான் என்றுதானே நினைப்பாய்? சந்தோஷப்படுகிறான்! "கரெக்ட்மா, இந்த மாதிரித் தப்புக்கு எங்க துறையில தனிப் பேரே இருக்கு" என்கிறான். பேர் வைக்கிற அளவுக்கு இதே தப்பைப் பண்ணியிருக்கிறார்கள், பார்த்துக்கொள்.

சரி, திருத்தினான். பட்டனை அமுக்கியவருக்கு லிஃப்ட் வந்தே தீரும் என்று சேர்த்து, அதையும் நிரூபித்தான். லிஃப்ட் ஓடியது, இல்லையென்று சொல்லவில்லை. ஆனால் அது இரண்டாவது மாடிக்கும் மூன்றாவது மாடிக்கும் மாறி மாறிப் போய் வந்துகொண்டே இருந்தது. கீழே டீச்சர் கடைப் பையோடு நின்று நின்று கால் வீங்கி, கடைசியில் படியேறி வந்து எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். "எப்பப்பா வரும் அது?" என்றார். "எப்போன்னு நான் நிரூபிக்கலை டீச்சர். என்னைக்காவது வரும்னுதான் நிரூபிச்சிருக்கேன்" என்றான் இவன். ஆண்டவன் கருணையைப் பற்றி நான் அக்கம்பக்கத்தில் சொல்லிக்கொண்டிருப்பதை அப்படியே லிஃப்டுக்குச் சொல்கிறான். டீச்சர் என்னைப் பார்த்தார். நான் சுவரைப் பார்த்தேன்.

இப்போது காலம் எவ்வளவு என்பதையும் சேர்த்து நிரூபிக்க வேண்டுமாம், அதற்கு இன்னும் சில வாரம் ஆகுமாம். எனக்கு எங்கேயடா சில வாரம்? நாளை மறுநாள் வியாழக்கிழமை உன் அத்தானை ஆஸ்பத்திரியில் காட்டியே ஆக வேண்டும். தையல் பிரித்துக் காலை மடக்கப் பழக்க வேண்டும், தள்ளிப்போட்டால் முட்டி அப்படியே இறுகிவிடும், அப்புறம் நடை பழையபடி வராது என்று டாக்டர் கண்டிப்பாகச் சொல்லி அனுப்பியிருக்கிறார். ஐந்து மாடிப் படியை அவர் எப்படி இறங்குவார்? அவரோ கட்டிலில் படுத்துக்கொண்டு, "விடு, பையன் ஏதோ பெரிசா பண்றான்" என்கிறார். மெக்கானிக் தன் புரோகிராமோடு தயாராக இருக்கிறார், சாவிதான் இல்லை. நான் கெஞ்சியாயிற்று, அழுதாயிற்று, பேசாமல் இருந்தும் பார்த்தாயிற்று. நான் பேசாமல் இருந்ததையே அவன் கவனிக்கவில்லை. ஆகையால் தம்பி, தபாலை நம்பாமல் இதை உன் லாரி டிரைவர் கையிலேயே கொடுத்தனுப்புகிறேன், நீ போட்டது போட்டபடி நாளை புதன்கிழமையே புறப்பட்டு வா. மாமா என்ற முறையில் அவனை நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு வார்த்தை கேட்டு, சாவியைப் பிடுங்கி மெக்கானிக்கிடம் கொடு. படிக்க வைத்தவன் நீ, பதில் சொல்ல வேண்டியவனும் நீதான்.

உன் மனைவிக்கும் குழந்தைகளுக்கும் என் ஆசி. கோபத்தில் எழுதியதை ஆண்டவன் மன்னிக்கட்டும், நீ மன்னிக்க வேண்டிய அவசியம் இல்லை.

இப்படிக்கு,
உன் அக்கா

பின்குறிப்பு: கடிதத்தை மடிப்பதற்குள் மெக்கானிக் வந்தார். உன் மருமகன் குளிக்கப் போயிருந்தான், சட்டை ஆணியில் தொங்கியது. சாவியை நானே எடுத்துக் கொடுத்துவிட்டேன். அவர் தான் முதலில் கொண்டுவந்த புரோகிராமையே போட்டு, "பத்துத் தடவை ஏறி இறங்கிப் பார்த்துட்டேன்மா, பட்டு மாதிரிப் போகுது" என்றார். ஒத்திகை பார்க்கலாம் என்று உன் அத்தானைச் சக்கரம் வைத்த நாற்காலியில் லிஃப்ட் வாசலுக்குத் தள்ளிக்கொண்டு போனேன். தலையில் சோப்பு நுரையோடு துண்டைக் கட்டிக்கொண்டு இவன் ஓடிவந்தான். நாற்காலியை இழுத்துப் பிடித்துக்கொண்டு, "அப்பா, நீங்க எப்பவும் அமுக்கற மாதிரி அமுக்குங்க" என்றான். அவருக்குத்தான் பொறுமை கிடையாதே, மேலே போகிற பட்டன், கீழே போகிற பட்டன், இரண்டையும் சேர்த்து அமுக்கினார். கதவு திறந்தது. லிஃப்ட் இல்லை. இருட்டும் கம்பியும்தான் இருந்தது. நான் அவர் சட்டைக் காலரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றேன். மெக்கானிக் வெளிறிப்போய், "ரெண்டையும் சேர்த்து யாருங்க அமுக்குவாங்க?" என்றார். "அதைத்தான் அந்தப் புரோகிராமும் நினைச்சிருக்கு. எனக்கு எங்கப்பாவைத் தெரியும்" என்றான் இவன். சாவியை மெக்கானிக்கிடமிருந்து வாங்கி நானே அவன் கையில் திருப்பிக் கொடுத்துவிட்டேன். ஆகையால் நீ திட்டுவதற்காக வர வேண்டாம், தூக்குவதற்காக வா. உன் லாரி ஷெட்டில் பீரோ தூக்குகிற இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வா, அத்தானை நாற்காலியோடு படி வழியாக இறக்கிவிடலாம். எவ்வளவு சீக்கிரம் முடியுமோ அவ்வளவு சீக்கிரம் வா, ஏனென்றால் உன் மருமகன் இப்போது அந்த நாற்காலியைத் தலைகீழாகக் கவிழ்த்து வைத்து, எதிரில் உட்கார்ந்து அதில் என்ன ஓட்டை என்று பார்த்துக்கொண்டிருக்கிறான்.