அப்பா, கார்

பல் டாக்டர் மறுபடியும் கார் சாவியை எடுத்தார். ஆறு வயது மகள் சிட்டு இரண்டு படங்களை அவர் கையில் திணித்துவிட்டு நின்றாள். ஒன்று அவருடைய போட்டோ. இன்னொன்று சிவப்புக் கார்.

“இப்பதானே போயிட்டு வந்தீங்க?” என்றாள் மனைவி.

“கேக்கறாளே. கேட்டா உடனே செய்யணும்னு சொல்லியிருக்காங்க.”

சொன்னவர் பேச்சுப் பயிற்சியாளர். சிட்டுவுக்கு ஆட்டிசம், பேச்சு வரவில்லை. தாகமென்றால் தண்ணீர்ப் படம், ஆடவேண்டுமென்றால் ஊஞ்சல் படம் என்று ஒவ்வொன்றாகக் கொடுக்கப் பழகியிருந்தாள். வீட்டிலும் நன்றாகப் பழக்கவேண்டும் என்று டாக்டர் ஒரு வாரம் கிளினிக்கை மூடினார். சிட்டு கரண்டிகளை வரிசையாக அடுக்கும் ஜன்னலோரத்திலேயே நாற்காலியைப் போட்டுக்கொண்டார்.

“இது என்னம்மா? தண்ணி வேணுமா? ஊஞ்சலா? அப்ப தூக்கமா?”

வாயைப் பிளந்து கிடப்பவர்களிடம் கேள்வி கேட்டே பழகியவர். பதிலுக்குக் காத்திருப்பது அவர் தொழிலில் இல்லை.

அப்படியிருக்கும்போதுதான் சிட்டு முதன்முறையாக இரண்டு படங்களைச் சேர்த்துக் கொடுத்தாள். டாக்டருக்குக் கண் கலங்கிவிட்டது. “அப்பா, கார்ல கூட்டிட்டுப் போங்கறா” என்று சொந்தபந்தம் முழுவதற்கும் போன் போட்டார்.

பூங்காவைச் சுற்றி காரில் ஒரு நடை போய்வந்தார்கள். சிட்டு பின்சீட்டில் விறைப்பாக உட்கார்ந்திருந்தாள். வீடு வந்ததும் கரண்டிகளிடம் ஓடினாள். டாக்டர் நாற்காலியில் அமர்ந்து, “கார் பிடிச்சுதாம்மா?” என்றார். அவள் அதே இரண்டு படங்களை நீட்டினாள்.

“தூரம் பத்தலை” என்று முடிவு செய்தார்.

அடுத்த முறை நெடுஞ்சாலை வரை போனார்கள். போகும்போது முனகியவள், திரும்பும்போது அழுதாள். வீட்டுக்குள் நுழைந்ததும் மீண்டும் படங்கள்.

“அழுதுட்டே கேக்கறாளே, ஏதோ சரியில்லை” என்றாள் மனைவி.

டாக்டர் படத்தை உற்றுப் பார்த்தார். “அதானே. இதுல சிவப்புக் கார். நம்மது வெள்ளை. பாவம், குழந்தை எப்படித் தாங்கும்?”

மச்சானிடம் சிவப்புக் கார் இருந்தது. போய்க் கேட்டார்.

“போன மாசம்தான் வாங்கினேன், மாமா. பார்த்து ஓட்டுங்க.”

“நான் நரம்புல கை படாம பல்லு பிடுங்கறவன், மாப்ள.”

சிட்டு அந்தக் காரில் ஏறியதும் காதைப் பொத்திக்கொண்டு அலறினாள். ஆறுதல் சொல்லத் திரும்பிய டாக்டர், கேட் தூணில் மோதினார். மச்சான் வந்து, நசுங்கிய விளக்கைத் தடவிப் பார்த்துவிட்டு வண்டியை எடுத்துப்போனார். அதன்பிறகு டாக்டரின் போனை எடுக்கவில்லை.

சிட்டு படங்களை நீட்டினாள். இம்முறை கொஞ்சம் அழுத்தமாக.

டாக்டர் தோற்றுப்போய் அவளைப் பயிற்சியாளரிடம் அழைத்துப் போனார். “எந்தக் கார்னுதான் புரியலைங்க. இனிமே லாரிதான் பாக்கி.”

பயிற்சியாளர் சிட்டுவின் படங்கள் ஒட்டியிருந்த புத்தகத்தை விரித்து அவள் முன் வைத்தார். அவள் யோசிக்காமல் இரண்டையும் பிரித்தெடுத்து, அப்பாவின் மடியில் வைத்தாள்.

பயிற்சியாளர் புத்தகத்தைத் தன் பக்கம் திருப்பிப் பார்த்தார்.

“ரெண்டு படம் சேர்த்தது பெரிய முன்னேற்றம், சார்” என்றார். “ஆனா அவ போட்டோவும் இதே பக்கத்துலதான் இருக்கு. அதை அவ தொடவே இல்லை. உங்களை மட்டும்தான் கிளம்பச் சொல்றா.”