செல்லம்மாள் அக்கா வீட்டுக்கு நான் வெள்ளையடித்த நாள்

நல்லெண்ணத்தோடு செய்த தவறுக்கு ஒழுங்காக மன்னிப்புக் கேட்க முடிவதில்லை; கேட்கும்போதே அந்த நல்லெண்ணத்தையும் எடுத்துக் காட்டத்தான் வாய் வருகிறது. எனவே விளக்கமின்றி ஒப்புக்கொள்கிறேன்: செல்லம்மாள் அக்கா வீட்டுக்கு வெள்ளையடித்தவன் நான்தான்.

அப்போது சமூகப்பணியில் முதுகலை முடித்துவிட்டு, கொல்லிமலைக்கு வந்த ஜப்பானியப் படக்குழு ஒன்றுக்கு உள்ளூர் உதவியாளனாகச் சேர்ந்திருந்தேன். அதன் கலைப்பிரிவுத் தலைவி ஹரூமி. புதிய சுவரைப் பழைய சுவராக்குவதே அவர் தொழில். இருபத்திரண்டு ஆண்டுகள் பிறருக்குத் தூரிகை கழுவி, கறை பூசி, முதன்முறையாகத் தலைமை ஏற்ற படம் இது. மலையில் பெரக்கரை நாடு என்னும் பகுதியில் குடியிருந்த செல்லம்மாள் அக்கா வீட்டு அடுப்படிச் சுவரின் புகைக்கறையைப் படமெடுத்துக் காட்டித்தான் இயக்குநரை இந்த மலைக்கே சம்மதிக்க வைத்திருந்தார்.

எனக்கோ அந்தக் கறையில் தெரிந்தது வறுமை. நம் மக்களின் வறுமையை அயலார் காட்சிப்பொருளாக்குவதா? (இதற்கென்றே படிப்பில் ஒரு தாள் இருந்தது, முதல் மதிப்பெண் எனக்குத்தான்.) படப்பிடிப்புக்கு மூன்று நாள் இருக்கையில், அக்கா மிளகு பறிக்கப் போன நேரம் பார்த்து, நண்பர்கள் இருவரோடு சுவரைச் சுரண்டி, இரண்டு பூச்சு சுண்ணாம்பு அடித்து முடித்தேன்.

மாலையில் ஹரூமி வந்தார். சுவரைப் பார்த்தார். வாசலுக்குப் போய், வீடு மாறி வந்துவிட்டோமா என்று சரிபார்த்தார். திரும்பி வந்து சுண்ணாம்பை ஒரு விரலால் தொட்டார். அழுதுவிட்டார். திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்.

பின்னாலேயே அக்காவும் வந்தார்.

"ஏனுங்க தம்பி, இதாருங்க பண்ணுனது?"

"நான்தானுங்க அக்கா. ஊடு கௌரவமா இருக்கட்டும்னு..."

"எங்கூட்டுக் கௌரவத்துக்கு என்னங்க கொறச்சலு? என்னய ஒரு வார்த்த கேட்டீங்களா? அந்தம்மா மொதநா வந்தப்பவே கேட்டுப்போட்டுத்தானுங்க படமே புடிச்சாங்க!"

மக்கள் பங்கேற்பைப் பற்றி நாற்பது பக்க ஆய்வேடு எழுதியவன் நான்.

அன்றிலிருந்து ஹரூமி மரவள்ளிக் கஞ்சியில் விளக்குக்கரியைக் குழைத்து, துணியால் ஒற்றி ஒற்றிச் சுவரைக் கறுப்பாக்கினார். அக்கா அடுப்பில் ஈர விறகைத் திணித்தார். ஊதுவது என் வேலை. கண்ணில் நீர் வழிந்தபோது, "அழுவாத சாமி, நல்லா ஊது" என்றார் அக்கா.

மூன்றாம் நாள் இயக்குநர் சுவரைத் தடவி, "எத்தனை வருடப் புகை!" என்று வியந்தார். ஹரூமி குனிந்து வணங்கினார். என் பக்கம் திரும்பவில்லை.

படம் வெளிவந்ததும் குடும்பமே கூடி அமர்ந்து, கடைசியில் ஓடும் பெயர்களுக்காகக் காத்திருந்தோம். என் பெயரும் வந்தது. எதிரே, 'அழுக்கு உதவியாளர்'. அதை நன்றியாகப் போட்டாரா, தண்டனையாகப் போட்டாரா என்று ஹரூமியிடம் கேட்கும் துணிவு இன்றுவரை எனக்கு இல்லை.

என் தங்கைக்கு அந்தக் குழப்பமெல்லாம் கிடையாது. எனக்குப் பெண் பார்க்கப் போன வீட்டில், "மாப்ள என்ன பண்றாருங்க?" என்று கேட்டார்கள். நான் வாயைத் திறப்பதற்குள் அவள் சொன்னாள்: "ஜப்பான் சினிமாவுல இருந்தாருங்க. அழுக்கு டிபார்ட்மெண்டு."