ரேங்க் மேட்ச் மாப்பிள்ளை

பெண் பார்க்கப் போன வீட்டில் ஆண்கள் சொல்லும் பொய்கள் பெரும்பாலும் சம்பளத்தைப் பற்றியோ குடிப்பழக்கத்தைப் பற்றியோ இருக்கும். அந்த இரண்டிலும் நான் உண்மையைத்தான் சொன்னேன். நான் பொய் சொன்னது ஒரு மொபைல் கேம் விஷயத்தில். (சிரிக்காதீர்கள். அதனால் என் நிச்சயதார்த்தமே தள்ளிப்போனது.)

ஆறுமுகநேரிப் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் நான் இயற்பியல் ஆசிரியர். பெயர் ஜெயசிங். பெண்ணின் பெயர் பெனிட்டா. தூத்துக்குடி மில்லர்புரத்தில் வீடு, துறைமுகத்துக்குப் பக்கத்தில் ஒரு கண்டெய்னர் கம்பெனியில் வேலை. இரண்டு குடும்பத்துப் பெரியவர்களும் எந்த ஊர்ப் பாஸ்டர் யாருக்குச் சொந்தம் என்று ஆராய்ந்துகொண்டிருந்த நேரத்தில், எங்கள் இருவரையும் பேசுவதற்காக வராந்தாவுக்கு அனுப்பினார்கள்.

பெனிட்டா நேராக விஷயத்துக்கு வந்தாள். "கேம் ஆடுவீங்களா?"

"ஆடுவேனே. கேரம், செஸ்…"

"அது இல்ல. மொபைல்ல. அஞ்சு பேரு சேந்து ஆடுறது."

அந்த கேமின் பெயரை என் கடைசி பெஞ்ச் மாணவர்களிடமிருந்து பலமுறை கேட்டிருக்கிறேன். கேட்டபோதெல்லாம் பெஞ்சின் மேல் ஏற்றி நிற்க வைத்திருக்கிறேன். ஆனால் அவள் முகத்தில் இருந்த ஆர்வத்தைப் பார்த்ததும் என் வாய் என்னைக் கேட்காமலே பேசிவிட்டது.

"ஓ, அதுவா? ஆடுவேன். டைமண்ட்."

டைமண்ட் என்றால் என்னவென்று எனக்குத் தெரியாது. பையன்கள் மரியாதையோடு சொல்லும் வார்த்தை என்பது மட்டும் தெரியும். பெனிட்டாவின் கண்கள் அகலமாகத் திறந்துகொண்டன. உள்ளே திரும்பி, "அம்மா! இவங்க டைமண்டாம்!" என்று கத்தினாள்.

நான் கொஞ்சமும் எதிர்பார்க்காதது அடுத்து நடந்தது. அவளுடைய அம்மா, ஓய்வுபெற்ற தலைமையாசிரியை, பாஸ்டர் பேச்சைப் பாதியில் விட்டுவிட்டு எழுந்து வந்தார். "நிஜமாவா தம்பி? எங்க டீம்ல ஒரு ஆளு குறையுது. அஞ்சாவதா ஆடிட்டிருந்தவன் கப்பல் வேலைக்குப் போயிட்டான். நடுக்கடல்ல சிக்னல் இல்லையாம்."

அது குடும்ப டீம். ஊரடங்கு நாட்களில் வெளியே போக வழியில்லாமல் ஆரம்பித்ததாம். அத்தைதான், அதாவது பெனிட்டாவின் அம்மாதான், கேப்டன். பெனிட்டா, அவள் அண்ணன் சாம், அவள் அப்பாவான மாமா என்று மொத்தக் குடும்பமும் அதில் இருந்தது. சீசன் முடியப் போகிறது, இன்னும் ஒரு வெற்றி கிடைத்தால் அடுத்த ரேங்க், அதனால் வருகிற சனிக்கிழமை சாயங்காலம் மாப்பிள்ளைப் பையன் சாப்பிட வரட்டும், சாப்பாட்டுக்கு முன்னால் ஒரு மேட்ச் என்று முடிவானது. நிச்சயதார்த்தத்துக்கு நாள் குறித்த அதே பேச்சில் இதையும் முடிவு செய்தார்கள்.

அன்றே கேமை இறக்கினேன். ஐந்து பேர் ஒரு பக்கம், ஐந்து பேர் எதிர்ப்பக்கம். நம் கோட்டையைக் காத்து அவர்கள் கோட்டையை இடிக்க வேண்டும், அவ்வளவுதான். சாதா மேட்ச், ஜெயித்தால் ரேங்க் ஏறித் தோற்றால் இறங்கும் ரேங்க் மேட்ச் என்று இரண்டு பட்டன்கள் இருந்தன. ரேங்க் மேட்ச் பட்டன் மேல் ஒரு பூட்டுப் படம். அழுத்தினால், "இந்த லெவலை எட்டிய பிறகு வரவும்" என்றது. அந்த லெவலை எட்ட வேண்டுமானால் பல வாரங்கள் சாதா மேட்ச் ஆட வேண்டும்.

எனக்குக் கோபம் வந்தது. எம்.எஸ்ஸி., பி.எட். முடித்த என்னைத் தகுதி இல்லை என்று சொல்ல இது யார்? கேம் கம்பெனிக்கு, தலைமையாசிரியருக்கு விடுப்புக் கடிதம் எழுதுகிற நடையில், என் படிப்பையும் பணி அனுபவத்தையும் குறிப்பிட்டு ஒரு மெயில் அனுப்பினேன். தொடர்ந்து விளையாடி மகிழுங்கள் என்று ஒரு இயந்திரம் பதில் போட்டது. (என் ஆய்வகத்தில் புதுப் பையன்களை வோல்ட்மீட்டரைத் தொடக்கூட விடாதவன் நான். அது அப்போது என் நினைவுக்கு வரவில்லை.)

மறுநாள் ஸ்டாஃப் ரூமில் பி.டி. மாஸ்டர் செல்வினைப் பிடித்து, முந்தின நாள் பழகும் மேட்ச்சில் செத்ததைச் சொன்னேன். அவர் நிஜமாகவே டைமண்ட் ரேங்க். கேமில் அவர் பெயர் 'நேரிப்புலி'.

"ஒரே ஒரு சாயங்காலத்துக்கு உம்ம அக்கவுண்ட்டைத் தாரும்" என்றேன்.

"சார், வேண்டாம். நீங்க பழகுத மேட்ச்லயே செத்தீங்க. அங்க எதிரியே கெடையாது, கம்ப்யூட்டர் ஆட்டுத வெறும் பொம்மை."

"என் கல்யாணம்வே."

கல்யாணம் என்றதும் மனிதர் இளகிவிட்டார். பாஸ்வேர்டைச் சொன்னார். பாவம்.

சனிக்கிழமை புதுச் சட்டை போட்டுக்கொண்டு மில்லர்புரம் போனேன். ஹாலில் ஐந்து பேரும் வட்டமாக உட்கார்ந்தோம், அவரவர் கையில் அவரவர் போன். திரையில் 'நேரிப்புலி' என்று வந்ததும் மாமா கை தட்டினார். அத்தை மூக்குக்கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு படையைப் பிரித்தார்.

"சாம், நீ மேல போல. பெனிட்டா நடுவுல. என்னங்க, நீங்க என் பின்னாலயே வாங்க, வழி மாறிராதீங்க. தம்பி, உங்களுக்கு நான் சொல்ல வேண்டாம். கீழ்ப்பாதையை மட்டும் பாத்துக்கிடுங்க."

கீழ்ப்பாதை எது என்று எனக்குத் தெரியவில்லை. நம்பிக்கையோடு நடந்தேன். ஒரு ஆள் எதிரே வந்தான். நம் ஆள்தான் என்று நினைத்து அவன் பின்னாலேயே கொஞ்ச தூரம் போனேன். அவன் திரும்பிப் பார்த்தான். செத்துப்போனேன்.

"பரவால்ல தம்பி. ஆழம் பாக்கீங்க போல" என்றார் அத்தை.

உயிர் திரும்பி வந்தது. மறுபடி போனேன், மறுபடி செத்தேன். கேமுக்குள் ஒரு கடை இருந்தது. மற்றவர்கள் வாள், கேடயம் என்று வாங்கினார்கள். செருப்பு வாங்கினால் வேகமாக ஓடலாம் என்று எழுதியிருந்தது. எனக்கு ஓட வேண்டிய அவசியம் நிறைய இருந்ததால் செருப்பு வாங்கினேன். போதவில்லை என்று தோன்றியதால் இன்னும் வாங்கினேன்.

சாம் தன் திரையை உற்றுப் பார்த்தான். "அம்மா, இவரு மூணு சோடி செருப்பு வாங்கி வச்சிருக்காரு."

"கால் ரெண்டுதானல?" என்றார் மாமா, உண்மையான சந்தேகத்தோடு.

"டைமண்ட்காரங்க புதுசா ஏதும் வழி வச்சிருப்பாங்க" என்றாள் பெனிட்டா. அன்று எனக்காகப் பரிந்து அவள் கடைசியாகப் பேசியது அதுதான்.

எதிரிகள் ஐந்து பேரும் பெரிய கைகாரர்கள். எங்கள் கோபுரங்கள் ஒவ்வொன்றாக விழுந்தன. அத்தையின் குரல் மெல்ல மெல்ல தலைமையாசிரியைக் குரலாக மாறியது.

"தம்பி, பின்னால வாங்க."

வந்தேன்.

"பின்னால வாங்க தம்பி! பின்னால!"

"வந்துட்டேன் ஆன்ட்டி!"

எல்லோரும் தலை நிமிர்ந்து என்னைப் பார்த்தார்கள். நான் சோபாவில் முதுகு பதிய நன்றாகப் பின்னால் சாய்ந்து உட்கார்ந்திருந்தேன். திரையில் என் வீரன் எதிரிக் கோட்டை வாசலில் தன்னந்தனியாக நின்றுகொண்டிருந்தான்.

"நெட் கொஞ்சம் ஸ்லோ" என்றேன்.

"நம்ம எல்லாருக்கும் ஒரே வைஃபைதான்" என்றான் சாம்.

"என் போன்தான் சரியில்லைன்னு நெனைக்கேன்."

அத்தை அதற்கு ஏதோ சொல்ல வாயெடுத்தபோது என் போனில் கால் வந்தது. வெட்டுவதற்காகத் தொட்டேன். அவசரத்தில் எதைத் தொட்டேனோ, கால் எடுபட்டது. அதுவும் ஸ்பீக்கரில்.

"சார்! ஜெயசிங் சார்! எம் அக்கவுண்ட்டை வச்சு அங்கன என்ன செய்யுதீங்க?" செல்வினின் குரல் ஹால் முழுக்க எதிரொலித்தது. "எம் ஃப்ரண்ட்ஸுக எல்லாம் நீங்க ஆடுத ஆட்டத்தை அவனுவ போன்ல நேரா பாத்துக்கிட்டு, எனக்கு போன் போட்டுச் சிரிக்கானுவ! நேரிப்புலிக்கு என்னாச்சு, பேதியான்னு கேக்கானுவ! பொம்மைகிட்டயே செத்தவரு நீங்க, பூட்டு போட்ட இடத்துக்கு ஏன் சார் போனீங்க? பொண்ணு வீட்டுல கண்டுபிடிச்சிட்டாங்களா?"

யாரும் ஆடவில்லை. திரையில் எங்கள் கோட்டை இடிந்து விழுந்தது. அதன் இசை நான்கு போன்களிலிருந்தும் ஒன்றாக ஒலித்தது.

"கண்டுபிடிச்சிட்டாங்க" என்று சொல்லி போனை வைத்தேன்.

திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். அத்தை மூக்குக்கண்ணாடியைக் கழற்றி மடித்து வைத்தார். "சாப்பிட வாங்க" என்றார். மேசையைச் சுற்றி நின்றதும் ஜெபம் செய்தார். ஆகாரத்துக்காக ஸ்தோத்திரம் சொன்னார். தோல்விக்காகவும் ஸ்தோத்திரம் சொன்னார். பிறகு கொஞ்சம் நிறுத்தி, "பொய் பேசுத நாவுக்கு எங்களை விலக்கிக் காத்தருளும்" என்றார். நான்கு பேர் ஆமென் சொன்னார்கள். ஐந்தாவது ஆமென் சொல்லும் லெவலை நான் எட்டியிருக்கவில்லை.

அந்தச் சீலா மீன் குழம்பின் ருசி எனக்கு இன்றுவரை தெரியாது. மாமாதான் இரக்கப்பட்டுப் பேசினார். "எனக்கும் மொதல்ல பூட்டித்தான் கெடந்தது. ரொம்ப நாளு பொம்மைகூடத்தான் சண்டை போட்டேன். இவ என்னைச் சேத்துக்கவே மாட்டேன்னுட்டா." அதைக் கேட்டதும் என் தலை இன்னும் கீழே போனது. ரிட்டயர்டு மனிதர் ஒருவர் பொறுமையாகக் கடந்துவந்த பாதையைத்தான் நான் ஒரு பாஸ்வேர்டால் தாண்டப் பார்த்திருந்தேன்.

பெனிட்டா கேட் வரைக்கும் வந்தாள்.

"அந்தப் பூட்டு எதுக்குன்னு நெனைச்சீங்க?" என்றாள். "உங்களை அவமானப்படுத்தவா?"

அப்படித்தான் நினைத்திருந்தேன்.

"அது உங்களுக்காக இல்ல. உங்ககூட நிக்கிற நாலு பேருக்காக. புதுசா வாரவன் தப்பு பண்ணணும், சாகணும், வழி மாறிப் போகணும். அதுக்குத்தான் சாதா மேட்ச் இருக்கு. அங்க தோத்தா யாருக்கும் எதுவும் கொறையாது. ரேங்க்ல ஒருத்தருக்கு ஆடத் தெரியலைன்னா அஞ்சு பேருக்கும் போச்சு. அதுவும் நீங்க டைமண்ட்னு வந்து நின்னதால, எதிர்ல வந்தவனும் அந்தத் தரத்துக்கு வந்தான். அந்த அடியையும் சேத்துத்தான் நாங்க வாங்குனோம்."

"ஸாரி."

"ஏமாத்தி மாட்டுனவனும் மறுநாளே புதுப் பேர்ல வந்துரக் கூடாதுல்லா? அதுக்கும் சேத்துத்தான் பூட்டு." கேட்டைப் பாதி சாத்தியபடி சொன்னாள். "ஆடத் தெரியாதுன்னு சொல்லியிருந்தா நானே சொல்லிக் குடுத்திருப்பேன்."

அதுதான் வலித்தது. பஸ்ஸில் ஊர் வரும் வரைக்கும் அந்த ஒரு வாக்கியம் என்கூடவே வந்தது.

இரண்டு நாளில் தகவல் வந்தது. நிச்சயதார்த்தத்தைக் கொஞ்சம் தள்ளி வைக்கலாமாம், பெண் யோசிக்க வேண்டுமாம். என் அம்மா பதறிப்போனார்.

"ஏலே, அங்க போய் என்னல செஞ்சே? குடிச்சியா?"

"இல்லம்மா. தோத்துட்டேன்."

"எதுல?"

அதற்கு மேல் விளக்க முடியவில்லை. எனக்கு ஏதோ வியாதி இருப்பதாகவும், அதைப் பெண் வீட்டார் கண்டுபிடித்துவிட்டதாகவும் எங்கள் சொந்தத்தில் ஒரு கிளை இன்றும் நம்புகிறது. செல்வினுக்கு ரேங்க் இறங்கிவிட்டது. என் ஆட்டத்தைப் பார்த்து கேம் கம்பெனிக்குப் போன புகார்களால் அவருடைய அக்கவுண்ட்டைச் சில நாட்கள் முடக்கியும் வைத்தார்கள். ஸ்டாஃப் ரூமில் அவர் தன் நாற்காலியை ஜன்னல் பக்கம் திருப்பிப் போட்டுக்கொண்டார்.

நான் என் சொந்த அக்கவுண்ட்டைத் திறந்தேன், என் சொந்தப் பெயரில். உப்பளங்களுக்கு நடுவே போகும் பஸ்ஸில், மதிய இடைவேளையில் என்று நேரம் கிடைத்தபோதெல்லாம் சாதா மேட்ச் ஆடினேன். முதலில் பொம்மைகளோடு. பிறகு என்னைப் போன்ற மனிதர்களோடு. அந்த உலகம் எவ்வளவு நிம்மதியானது என்று அப்போதுதான் தெரிந்தது. ஒருவர் வெகு நேரம் ஒரு சுவரோடு சண்டை போட்டுக்கொண்டிருந்தார். நான் அவருக்குத் துணையாக நின்றேன். யாரும் யாரையும் திட்டவில்லை. எல்லோரும் சமமாக ஒன்றும் தெரியாதவர்கள். அங்கேதான் எந்தப் பாதை கீழே போகிறது, எப்போது ஓட வேண்டும், எப்போது நிற்க வேண்டும் என்று கற்றுக்கொண்டேன்.

ஒரு நாள், பத்தாம் வகுப்பு விடைத்தாள்களுக்கு நடுவில், பூட்டு திறந்தது. நான் ரேங்க் மேட்ச்சுக்குள் போகவில்லை. திரையை அப்படியே படம் பிடித்து பெனிட்டாவுக்கு அனுப்பினேன். கூடவே எதுவும் எழுதத் துணிச்சல் இல்லை.

வெகு நேரம் கழித்துப் பதில் வந்தது. "சொந்த அக்கவுண்ட்தானா?"

"சொந்தம்தான்."

"அம்மா கேக்காங்க, இப்பவாவது பின்னால வரத் தெரியுமான்னு."

கல்யாணம் நடந்தது. டீமில் ஐந்தாவது ஆளாகவும் என்னைச் சேர்த்துக்கொண்டார்கள், ஒரு வருஷம் சாதா மேட்ச்களில் மட்டும். ஆனால் அந்த வீட்டில் 'ரேங்க் மேட்ச்' என்ற சொல் கேமை விட்டு வெளியே வந்துவிட்டது, முதலில் பழகிவிட்டு வா என்ற அர்த்தத்தில். நான் மீன் அரிய அரிவாள்மணையை எடுத்தால் சாம் அதைச் சொல்வான். சாமின் புதுக் காரின் சாவியை நான் கையில் எடுத்தால் மாமா சொல்வார். அடுத்த கிறிஸ்துமஸுக்குச் சபையில் என்னைப் பிரசங்கம் செய்யக் கூப்பிட்டபோது மொத்தக் குடும்பமும் சொன்னது.

போன மாதம் எங்களுக்கு மகள் பிறந்தாள். ஆஸ்பத்திரி வராந்தாவில் நர்ஸ் துணியில் சுற்றிய அந்தச் சின்ன உருவத்தை எடுத்து வந்து, "அப்பா யாரு?" என்றார். இரண்டு கைகளையும் நீட்டிக்கொண்டு பாய்ந்தேன். குறுக்கே ஒரு கை வந்து நெஞ்சில் பட்டு என்னை நிறுத்தியது. அத்தை.

"ரேங்க் மேட்ச் மாப்ளே" என்றார். "மொதல்ல உக்காருங்க."

நர்ஸுக்கு ஒன்றும் புரியவில்லை. நான் போய் பெஞ்சில் உட்கார்ந்தேன். அத்தை தன் பையிலிருந்து ஒரு தலையணையை எடுத்து என் மடியில் வைத்தார். அதன் மேல் என் கைகளை எப்படி வைக்க வேண்டும் என்று காட்டினார். வெறும் தலையணையைப் பிடித்தபடி நான் கொஞ்ச நேரம் பழகினேன். அதற்குப் பிறகுதான் குழந்தையைத் தந்தார்கள்.